வீட்டுக் கடன்: முழுக் கணக்கு

திருவனந்தபுரம் சாலைக் கடைத்தெருவுக்குப் பின்னால் ஒரு சிறிய அறை. அங்கேதான் எங்கள் எழுத்தறிவு வகுப்பு நடக்கிறது. இரவு ஏழரை மணிக்கு வகுப்பு தொடங்கும்.

ஒரு நாள் ஓர் அக்கா கையில் ஒரு காகிதத்தோடு வந்தார். அவர் தையல் வேலை செய்கிறார். அவர் கணவர் சாலையில் சுமட்டுத் தொழிலாளி. அவர்களுக்கு ஒரு மகள். அவள் ஒன்றாம் வகுப்பு படிக்கிறாள். கரமனையில் வாடகை வீட்டில் குடியிருக்கிறார்கள்.

"டீச்சர், அம்மா வீட்டில் மூன்று சென்ட் நிலம் கொடுத்தார்கள். வீடு கட்டப் போகிறோம். வங்கியில் பத்து லட்சம் கடன் தருகிறார்களாம். இதைப் படித்துச் சொல்லுங்கள்" என்றார்.

"நீங்களே படியுங்கள் அக்கா. நான் பக்கத்தில் இருக்கிறேன்" என்றேன்.

அவர் எழுத்துக் கூட்டிப் படித்தார்.

கடன் 10,00,000 ரூபாய். வட்டி 9 விழுக்காடு. காலம் 30 ஆண்டு. மாதத் தவணை 8,046 ரூபாய்.

"இருபது ஆண்டு என்றால் 8,997 ரூபாய் கட்ட வேண்டுமாம். முப்பது ஆண்டு என்றால் மாதம் 951 ரூபாய் குறைகிறது. அதனால் முப்பது ஆண்டுக்கே கையெழுத்துப் போடலாம் என்று இவர் சொல்கிறார்" என்றார் அக்கா.

கணவரும் வாசலில் நின்றுகொண்டிருந்தார். "மாதம் 951 ரூபாய் மிச்சம்தானே டீச்சர்?" என்று கேட்டார்.

"உள்ளே வாருங்கள் அண்ணே. எல்லோரும் சேர்ந்து கணக்குப் போட்டுப் பார்ப்போம்" என்றேன்.

அன்று எங்கள் வகுப்பில் நடந்த பாடம்தான் இது.

1. பெருக்கிப் பாருங்கள்

வங்கியில் மாதத் தவணையைச் சொல்வார்கள். நாம் அந்தத் தொகையை மட்டும் பார்க்கிறோம். "மாதம் இவ்வளவு கட்ட முடியுமா?" என்று யோசிக்கிறோம். அது சரிதான். ஆனால் அது பாதிக் கணக்கு.

முழுக் கணக்கு வேண்டுமா? ஒரே ஒரு பெருக்கல் போதும்.

மாதத் தவணை × 12 × ஆண்டுகள் = நாம் கட்டும் மொத்தப் பணம்.

அக்கா கரும்பலகையில் போட்டார்.

8,046 × 12 × 30 = 28,96,560 ரூபாய்.

வகுப்பில் ஒரு நிமிடம் சத்தமே இல்லை.

"வாங்குவது பத்து லட்சம். கட்டுவது இருபத்தொன்பது லட்சமா?" என்று அண்ணன் கேட்டார்.

ஆமாம். கிட்டத்தட்ட இருபத்தொன்பது லட்சம். ஒரு வீட்டுக்கு மூன்று வீட்டின் விலை.

அடுத்து இருபது ஆண்டுக் கணக்கைப் போட்டோம்.

8,997 × 12 × 20 = 21,59,280 ரூபாய்.

இரண்டுக்கும் வித்தியாசம் 7,37,280 ரூபாய். மாதம் 951 ரூபாய் மிச்சம் என்று நினைத்தோம். கடைசியில் ஏழு லட்சத்துக்கு மேல் கூடுதலாகக் கொடுக்கிறோம்.

பத்து லட்சம் கடனுக்கு 9 விழுக்காடு வட்டியில் கணக்கு இதோ:

10 ஆண்டு: மாதம் 12,668 ரூபாய். மொத்த வட்டி 5,20,160 ரூபாய்.
15 ஆண்டு: மாதம் 10,143 ரூபாய். மொத்த வட்டி 8,25,740 ரூபாய்.
20 ஆண்டு: மாதம் 8,997 ரூபாய். மொத்த வட்டி 11,59,280 ரூபாய்.
30 ஆண்டு: மாதம் 8,046 ரூபாய். மொத்த வட்டி 18,96,560 ரூபாய்.

கடன் ஒன்றுதான். வட்டி விழுக்காடும் ஒன்றுதான். காலம் மட்டும் நீள்கிறது. காலம் நீள நீள வட்டி வளர்கிறது.

நான் அண்ணனிடம் கேட்டேன். "இப்போது உங்களுக்கு என்ன வயது?"

"முப்பத்து நாலு."

"முப்பது ஆண்டு முடியும்போது?"

அவர் விரல் விட்டு எண்ணினார். "அறுபத்து நாலு."

"அந்த வயதில் மூட்டை தூக்க முடியுமா அண்ணே?"

அவர் பதில் சொல்லவில்லை. அக்கா மெதுவாகச் சொன்னார். "மகளுக்கு அப்போது முப்பத்தாறு வயது ஆகும்."

2. பணம் எங்கே போகிறது?

"மாதா மாதம் கட்டினால் கடன் குறையாதா?" என்று ஒரு பெரியவர் கேட்டார்.

குறையும். ஆனால் முதல் ஆண்டுகளில் மிக மெதுவாகத்தான் குறையும். ஏன் என்று பார்ப்போம்.

ஆண்டுக்கு 9 விழுக்காடு என்றால் மாதத்துக்கு முக்கால் விழுக்காடு. அதாவது நூறு ரூபாய்க்கு 75 காசு. பத்து லட்சத்துக்கு முதல் மாத வட்டி 7,500 ரூபாய்.

இருபது ஆண்டுக் கடனில் நாம் 8,997 ரூபாய் கட்டுகிறோம். அதில் 7,500 ரூபாய் வட்டிக்குப் போகிறது. மீதி 1,497 ரூபாய்தான் அசலில் கழிகிறது.

இரண்டாம் மாதம் அசல் பாக்கி 9,98,503 ரூபாய். அதற்கு வட்டி 7,489 ரூபாய். அசலில் கழிவது 1,508 ரூபாய்.

இப்படியே போகும். முதல் ஆண்டில் நாம் கட்டுவது 1,07,964 ரூபாய். அதில் சுமார் 89,200 ரூபாய் வட்டி. அசலில் குறைந்தது சுமார் 18,700 ரூபாய் மட்டும்.

பாதி அசல் குறைய எத்தனை ஆண்டு ஆகும்? பத்து ஆண்டு என்று நினைப்போம். இல்லை. பதினான்கு ஆண்டு ஆகும்.

முப்பது ஆண்டுக் கடன் என்றால் இன்னும் மோசம். முதல் தவணை 8,046 ரூபாயில் அசலுக்குப் போவது 546 ரூபாய்தான்.

இதில் வங்கி நம்மை ஏமாற்றுகிறது என்று பொருள் இல்லை. பாக்கி இருக்கும் அசலுக்குத்தான் வட்டி போடுகிறார்கள். முதலில் பாக்கி அதிகம். அதனால் வட்டியும் அதிகம். கணக்கு அப்படி. நமக்கு அது முன்பே தெரிந்திருக்க வேண்டும்.

3. வட்டி ஏறினால்?

வீட்டுக் கடனில் இரண்டு வகை வட்டி உண்டு. ஒன்று மாறாத வட்டி. இன்னொன்று மாறும் வட்டி. மாறும் வட்டியில்தான் பலர் கடன் வாங்குகிறார்கள்.

ரிசர்வ் வங்கி தன் வட்டியை உயர்த்தினால் மாறும் வட்டிக் கடனுக்கும் வட்டி ஏறும். குறைத்தால் இறங்கும். 2022 மே மாதத் தொடக்கத்தில் ரிசர்வ் வங்கியின் வட்டி 4 விழுக்காடாக இருந்தது. 2023 பிப்ரவரியில் அது 6.5 விழுக்காடு ஆனது. பிறகு 2025இல் ரிசர்வ் வங்கி அதைச் சில முறை குறைத்தது. இருபது ஆண்டுக்குள் இப்படிப் பல முறை ஏறும், இறங்கும்.

வட்டி ஏறியபோது பலருக்குத் தவணைத் தொகை மாறவில்லை. "நம் கடனுக்கு வட்டி ஏறவில்லை" என்று அவர்கள் நினைத்தார்கள். ஆனால் ஏறியிருந்தது. தவணைத் தொகைக்குப் பதில் காலம் நீண்டிருந்தது.

ஒரு கணக்கு பாருங்கள். ஒருவர் பத்து லட்சம் கடன் வாங்குகிறார். வட்டி 7 விழுக்காடு. காலம் 20 ஆண்டு. தவணை 7,753 ரூபாய். வாங்கிய உடனேயே வட்டி 9 விழுக்காடு ஆகிவிட்டது என்று வைத்துக்கொள்வோம். அவர் அதே 7,753 ரூபாயைக் கட்டிவந்தால் கடன் எப்போது முடியும்? 38 ஆண்டு ஆகும்.

2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஓர் உத்தரவு போட்டது. வட்டி ஏறினால் வங்கி நமக்குத் தெரிவிக்க வேண்டும். தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா என்று நாம் தேர்ந்தெடுக்க வாய்ப்புத் தர வேண்டும். ஆகவே வங்கியிலிருந்து கடிதமோ செய்தியோ வந்தால் தூக்கிப் போடாதீர்கள். படியுங்கள். "இன்னும் எத்தனை தவணை பாக்கி?" என்று ஆண்டுக்கு ஒரு முறை நேரில் போய்க் கேளுங்கள்.

4. கடனைச் சிறிதாக்கும் வழிகள்

"அப்படியென்றால் கடனே வாங்கக் கூடாதா?" என்று அக்கா கேட்டார்.

அப்படி இல்லை. வாடகையும் செலவுதான். மாதம் 6,000 ரூபாய் வாடகை என்றால் இருபது ஆண்டில் 14,40,000 ரூபாய் போகும். வாடகை ஏறவும் செய்யும். கடைசியில் வீடு நமக்குச் சொந்தம் ஆகாது. எனவே கடன் வாங்கலாம். ஆனால் கணக்குப் பார்த்து வாங்க வேண்டும்.

முதல் வழி: குறைவாகக் கடன் வாங்குவது.

பத்து லட்சத்துக்குப் பதில் எட்டு லட்சம் வாங்கினால் இருபது ஆண்டுத் தவணை 7,198 ரூபாய். மொத்தம் 17,27,520 ரூபாய். அசலில் இரண்டு லட்சம்தான் குறைத்தோம். மொத்தத்தில் 4,31,760 ரூபாய் குறைந்துவிட்டது.

செலவைக் குறைத்து நல்ல வீடு கட்ட முடியுமா? முடியும் என்று காட்டியவர் நம் ஊரிலேயே வாழ்ந்தார். அவர் பெயர் லாரி பேக்கர். 1917இல் இங்கிலாந்தில் பிறந்தவர். திருவனந்தபுரம் நாலாஞ்சிறையில் பல ஆண்டுகள் வாழ்ந்தார். 2007இல் காலமானார். தம்பானூரில் சுழன்று சுழன்று ஏறும் இந்தியன் காபி ஹவுஸைப் பார்த்திருப்பீர்கள். அது அவர் கட்டியதுதான்.

அவர் செங்கல்லைப் படுக்க வைக்காமல் நிறுத்தி வைத்து, நடுவில் வெற்றிடம் விட்டுச் சுவர் எழுப்பினார். இதனால் ஏறக்குறைய கால் பங்கு செங்கல் மிச்சம். கான்கிரீட் கூரைக்குள் பழைய ஓடுகளை வைத்து சிமெண்டையும் கம்பியையும் குறைத்தார். பல சுவர்களைப் பூசாமல் விட்டார். தேவை இல்லாத எதையும் கட்ட வேண்டாம் என்பது அவர் வழி. அவரோடு தொடர்புடைய காஸ்ட்ஃபோர்டு என்ற அமைப்பு 1985இல் தொடங்கியது. அதுவும் இந்த முறையில் வீடுகள் கட்டியது.

இரண்டாம் வழி: முன்கூட்டியே கொஞ்சம் கொஞ்சமாக அடைப்பது.

பத்து லட்சம், இருபது ஆண்டுக் கடனுக்குத் தவணை 8,997 ரூபாய். முதல் மாதம் முதலே ஆயிரம் ரூபாய் கூட்டி 9,997 ரூபாய் கட்டினால் என்ன ஆகும்? கடன் பதினைந்தரை ஆண்டில் முடிந்துவிடும். சுமார் மூன்று லட்சம் ரூபாய் வட்டி மிச்சம்.

ஓணத்துக்கு போனஸ் வருகிறது. சிட்டி விழுகிறது. அந்தப் பணத்தில் ஒரு பகுதியைக் கடனில் கட்டலாம். எட்டு லட்சம் கடனில் ஓர் ஆண்டு முடிந்ததும் ஒரே ஒரு முறை 25,000 ரூபாய் கூடுதலாகக் கட்டுகிறோம். கடைசியில் கிட்டத்தட்ட 18 தவணை குறைந்துவிடும். 18 தவணை என்றால் சுமார் 1,29,000 ரூபாய்.

ஏன் இவ்வளவு? கூடுதலாகக் கட்டும் பணத்தில் வட்டிக்கு எதுவும் போகாது. முழுவதும் அசலில் கழியும். பிறகு அந்த அசலுக்கு வட்டியே கிடையாது. அதனால்தான் முதல் ஆண்டுகளில் கட்டும் ஒரு ரூபாய்க்குப் பலம் அதிகம்.

ஆனால் கவனம். கூடுதல் பணம் கட்டும்போது இப்படி எழுதிக் கொடுங்கள்: "இதை அசலில் கழிக்கவும். தவணைத் தொகை அப்படியே இருக்கட்டும். காலத்தைக் குறைக்கவும்." ரசீது வாங்கிக்கொள்ளுங்கள்.

தனி நபர் மாறும் வட்டியில் வாங்கிய வீட்டுக் கடனை முன்கூட்டியே அடைத்தால் வங்கி அபராதம் வாங்கக் கூடாது. 2012இலேயே ரிசர்வ் வங்கி இதைச் சொல்லிவிட்டது.

இங்கே ஒரு விஷயம். கையில் இருக்கும் கடைசிக் காசையும் கொண்டுபோய்க் கடனில் கட்ட வேண்டாம். நோய் வரும். வேலை இல்லாத மாதம் வரும். நான்கைந்து தவணைக்கான பணத்தை முதலில் சேர்த்து வைத்துக்கொள்ளுங்கள்.

5. தவணை தவறினால்?

வீட்டுக் கடன் வாங்கும்போது வீட்டுப் பத்திரத்தை வங்கியில் ஈடாக வைக்கிறோம். நம் ஊரில் மலையாளத்தில் அதை ஆதாரம் என்பார்கள். ஆதார் அட்டை வேறு, இது வேறு.

90 நாளுக்கு மேல் தவணை கட்டாமல் இருந்தால் அந்தக் கடனை வாராக் கடன் என்று எழுதுவார்கள். பிறகு வங்கி 60 நாள் கெடு கொடுத்து நோட்டீஸ் அனுப்பலாம். அதற்குள் கட்டாவிட்டால் வீட்டை ஜப்தி செய்ய நடவடிக்கை எடுக்கலாம். இதற்கு வழக்குப் போட்டுத் தீர்ப்பு வாங்க வேண்டியதில்லை. 2002இல் வந்த சர்ஃபேசி சட்டம் இந்த உரிமையை வங்கிக்குக் கொடுத்திருக்கிறது.

நமக்கும் உரிமை உண்டு. நோட்டீஸுக்கு எழுத்தில் பதில் கொடுக்கலாம். வங்கி கேட்பது தவறு என்றால் எர்ணாகுளத்தில் உள்ள கடன் மீட்புத் தீர்ப்பாயத்தில் முறையிடலாம். வங்கி நடவடிக்கை எடுத்த 45 நாளுக்குள் முறையிட வேண்டும்.

இவ்வளவு தூரம் போக விடாதீர்கள். ஒரு தவணை தவறும்போதே வங்கிக்குப் போங்கள். நிலைமையைச் சொல்லுங்கள். நோட்டீஸைப் பிரிக்காமல் பரணில் போட்டுவைப்பதுதான் பெரிய ஆபத்து. வெட்கப்பட வேண்டாம். கடன் வாங்கியது குற்றம் இல்லை.

தவணைக்காகப் பிளேடு வட்டிக்குக் கடன் வாங்காதீர்கள். 9 விழுக்காட்டுக் கடனை அடைக்க அதைவிடப் பல மடங்கு வட்டிக்குக் கடன் வாங்கினால் இரண்டு கடனும் அடையாது.

6. கையெழுத்துப் போடும் முன்

2024 அக்டோபர் 1 முதல் ஒரு விதி இருக்கிறது. வங்கி நமக்குக் கடன் விவரத் தாள் ஒன்றைத் தர வேண்டும். அது நமக்குப் புரியும் மொழியில் இருக்க வேண்டும். வட்டியும் மற்றக் கட்டணங்களும் சேர்த்து ஆண்டுக்கு எத்தனை விழுக்காடு ஆகிறது என்று அதில் இருக்கும். தவணை அட்டவணையும் இருக்கும். அதைக் கேட்டு வாங்குங்கள். வீட்டுக்குக் கொண்டுபோய்ப் படியுங்கள்.

இந்த ஆறு கேள்விகளைக் கேளுங்கள்:

1. மொத்தம் எவ்வளவு கட்டுவேன்?
2. வட்டி மாறுமா, மாறாதா?
3. வட்டி பாக்கி அசலுக்கா, முதலில் வாங்கிய முழுத் தொகைக்கா? (முழுத் தொகைக்கு என்றால் வேண்டாம். வட்டி மிக அதிகமாகிவிடும்.)
4. விண்ணப்பக் கட்டணம், வக்கீல் கட்டணம், காப்பீடு எல்லாம் எவ்வளவு?
5. காப்பீட்டுப் பணத்தையும் கடனில் சேர்த்திருக்கிறீர்களா? (சேர்த்தால் அதற்கும் இருபது ஆண்டு வட்டி உண்டு.)
6. தவணை தவறினால் அபராதம் எவ்வளவு?

கடன் முழுவதும் அடைந்த பிறகு பத்திரத்தை மறக்காமல் திரும்ப வாங்குங்கள். 30 நாளுக்குள் வங்கி அதைத் தர வேண்டும். தன் தவறால் தாமதித்தால் நாள் ஒன்றுக்கு 5,000 ரூபாய் வங்கி நமக்குத் தர வேண்டும். இந்த விதி 2023 டிசம்பர் 1 முதல் நடைமுறையில் உள்ளது.

வங்கி மேல் குறை இருந்தால் முதலில் வங்கிக்கு எழுத்தில் கொடுங்கள். 30 நாளில் பதில் வராவிட்டால் ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளரிடம் புகார் செய்யலாம். 14448 என்ற எண்ணில் விவரம் கேட்கலாம்.

7. அக்கா எடுத்த முடிவு

அடுத்த வாரம் அக்கா வகுப்புக்கு வந்தார். கையில் ஒரு நோட்டு இருந்தது. அதில் அவரே கணக்குப் போட்டிருந்தார்.

"முன்னால் ஒரு பெரிய அறை வேண்டும் என்று இவர் ஆசைப்பட்டார். இப்போது வேண்டாம் என்று விட்டுவிட்டோம். மகள் வளர்ந்த பிறகு கட்டிக்கொள்ளலாம். எட்டு லட்சம் போதும். இருபது ஆண்டு. ஓண போனஸில் பாதியைக் கடனில் கட்டுவோம்" என்றார்.

"அண்ணன் சம்மதித்தாரா?" என்று கேட்டேன்.

"நேற்று ராத்திரி இந்த நோட்டைக் காட்டினேன் டீச்சர். 28,96,560 என்று எழுதியிருந்ததை அவரே மூன்று தடவை படித்தார். அப்புறம் ஒன்றும் பேசவில்லை."

அந்த வாரமே அவர்கள் வங்கிக்குப் போனார்கள். முன்பு அக்கா கைநாட்டு வைப்பவர். இந்த முறை விவரத் தாள் கேட்டு வாங்கினார். முழுவதும் படித்தார். பிறகு கையெழுத்துப் போட்டார்.

புதிய சொற்கள்

அசல்: நாம் வாங்கிய கடன் தொகை.
வட்டி: அசலுக்காக நாம் கூடுதலாகக் கொடுக்கும் பணம்.
தவணை: மாதா மாதம் கட்டும் தொகை. இ.எம்.ஐ. என்றும் சொல்வார்கள்.
ஈடு: கடனுக்காக வங்கியில் வைக்கும் சொத்து. அடமானம் என்றும் சொல்வார்கள்.
ஜப்தி: கடன் பாக்கிக்காகச் சொத்தைக் கைப்பற்றுவது.

கணக்குப் போடுங்கள்

ஒருவர் 5,00,000 ரூபாய் கடன் வாங்கினார். வட்டி 10 விழுக்காடு. காலம் 15 ஆண்டு. மாதத் தவணை 5,373 ரூபாய்.

1. அவர் மொத்தம் எவ்வளவு கட்டுவார்?
2. அதில் வட்டி எவ்வளவு?

பேசிப் பாருங்கள்

1. உங்கள் வீட்டில் கடன் வாங்கும்போது யார் கணக்குப் பார்க்கிறார்கள்? கணவனும் மனைவியும் சேர்ந்து பார்க்கிறீர்களா?
2. உங்களிடம் உள்ள கடன் காகிதம் ஒன்றை வகுப்புக்குக் கொண்டு வாருங்கள். அசல், வட்டி, காலம் எங்கே எழுதியிருக்கிறது என்று கண்டுபிடியுங்கள்.

விடை: 1) 9,67,140 ரூபாய். 2) 4,67,140 ரூபாய்.